லெம்பி போட்ட சிவப்பு விளக்கு

என் அண்ணன் ஓனி ஹர்யூலாவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த லெம்பியைப் பற்றி ஊரில் யாரைக் கேட்டாலும் இரண்டு விஷயம் சொல்வார்கள். எவ்வளவு பனி கொட்டினாலும் அவள் ஓட்டுகிற பள்ளிக்கூட பஸ் நிற்காது. அவள் போட்ட விளக்கு தப்பாகாது. முதலாவது பச்சைப் பொய். ஒரு தடவை எங்கள் வீட்டு வாசலிலேயே அந்த பஸ் பள்ளத்தில் இறங்கி, பிள்ளைகள் அத்தனை பேரும் என் சமையலறையில் உட்கார்ந்து, ஞாயிற்றுக்கிழமைக்கென்று சுட்டு வைத்திருந்த ஏலக்காய் ரொட்டியைக் காலி பண்ணிவிட்டுத்தான் போனார்கள். இரண்டாவதைப் பற்றித்தான் சொல்ல வந்தேன்.

தாமிரச் சுரங்கம் மூடின பிறகு எங்கள் ஊரில் மிச்சம் இருந்தது ஏரியும் கல்லூரியும்தான். கல்லூரிக்கு ஒரு ஐஸ் ஹாக்கி அணி. குளிர்காலம் முழுக்க ஊருக்குப் பேச்சும் அதுதான், சண்டையும் அதுதான். அரங்கத்தில் கோல் வலைக்குப் பின்னால், கண்ணாடிக்கு இந்தப் பக்கம், ஒரு ஆள் உட்காரும்படி கூண்டு ஒன்று உண்டு. கறுப்பு ரப்பர் வட்டு கோட்டைத் தாண்டி வலைக்குள் போனதும் அதில் இருப்பவர் பொத்தானை அழுத்துவார், தலைக்கு மேலே சிவப்பு விளக்கு எரியும். அந்த விளக்கால் ஆட்டம் நிற்காது, நடுவர் விசில் ஊதினால்தான் நிற்கும். சறுக்கப் பழகுகிற குழந்தைக்கே இங்கே முதலில் அதைத்தான் சொல்லிக்கொடுப்பார்கள். கூண்டில் இருப்பவருக்குச் சம்பளம் கிடையாது. அந்த மூலையில் காப்பிக்கடை போட்டிருந்த என்னிடம் ஒரு காப்பி இலவசம், அவ்வளவே.

முதலில் அந்த வேலையைப் பார்த்தது ஓனிதான். சுரங்கத்தில் அடிபட்ட இடுப்பு குளிரில் உட்கார விடாமல் போனதும், ஒருநாள் மட்டும் என்று லெம்பியை அனுப்பினான். போனவள் போனவள்தான். பஸ் ஓட்டுகிற கண் இல்லையா, எதுவும் தப்பாது. அவசரப்படவும் மாட்டாள். வெளியூர் அணிகள் கூட, அந்தப் பொம்பளை விளக்கு போட்டால் சரி என்று வாயை மூடிக்கொள்ளும்.

வம்பு எப்போது வந்தது என்றால், அவள் மகன் டேரில் கல்லூரிக்குப் போய், அணிக்குக் கோல் கீப்பரும் ஆனபோது. பகுதிக்குப் பகுதி அணிகள் பக்கம் மாறுகிற மூன்று பகுதி ஆட்டத்தில் முதல் பகுதியும் கடைசிப் பகுதியும் அவன் நிற்பது அம்மாவுக்கு நேர் முன்னால். எதிரணி கோல் போட்டால் விளக்கைப் போட வேண்டியது பெற்றவள். வேறு ஊராக இருந்தால் ஆளை மாற்றியிருப்பார்கள். இங்கே யாருக்கும் அது தோன்றவே இல்லை. லெம்பி இல்லாமல் விளக்கா?

அவனுடைய முதல் வருஷத்தில் ஒரு வட்டு உள்ளே போய், கம்பியில் பட்டு அதே வேகத்தில் வெளியே வந்துவிட்டது. நடுவர் பார்க்கவில்லை. பார்த்தவள் லெம்பி ஒருத்திதான். அழுத்திவிட்டாள். அன்றைக்கு ஓனி சாப்பிடவில்லை.

"பெத்த பையன் முதுகப் பாத்துக்கிட்டே எப்படிடி உனக்குக் கை வருது?" என்று கேட்டான்.

"கோல்னா கோல்தான். என் பையன்னா அதுக்கு வேற கோடா போட்டிருக்காங்க?" என்றாள் லெம்பி. ஓனியின் தட்டில் இருந்த கறிப் பணியாரத்தையும் சேர்த்து அவளே சாப்பிட்டாள்.

எனக்கு அவள் ஒரு விஷயம் சொல்லியிருக்கிறாள். அந்தக் கூண்டில் இருந்து பார்த்தால் மகனின் முதுகு மட்டும்தான் தெரியுமாம். அவன் முகம் தெரிவது, கோல் விழுந்த பிறகு வலைக்கு மேலே வைத்திருக்கிற தண்ணீர் பாட்டிலை எடுக்கத் திரும்பும்போதுதான். "அவன் தோத்த மூஞ்சியத்தான் இர்மா நான் பாக்குறேன். தடுத்துட்டு நிக்கிற மூஞ்சி எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியவே தெரியாது," என்றாள். சொல்லும்போது சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

அவனுடைய கடைசி வருஷம் வந்தது. அந்த வருஷத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருகிறது. நன்றாகச் சறுக்குகிற இரண்டு பையன்கள் கிறிஸ்துமஸுக்கு முன்பே காலை உடைத்துக்கொண்டார்கள். பயிற்சியாளர் பூஷே கத்திக் கத்தித் தொண்டை கட்டி, பாதி நாள் சைகையில்தான் திட்டினார். ஆட்டத்துக்கு ஆட்டம் தோல்வி. வெளியூர் மாணவர்கள் டேரிலைப் பார்த்து "சல்லடை, சல்லடை" என்று கூவினார்கள். கொஞ்ச நாளில் எங்கள் ஊர்க்காரர்களே அதைச் சொல்ல ஆரம்பித்தார்கள். லெம்பியின் விளக்கு எரிந்துகொண்டே இருந்தது.

பெட்ரோல் பங்க் வைத்திருக்கிற மெர்வ் ட்ரெசோனா ஒருநாள் என் கடையில் நின்றுகொண்டு, "ஏன் லெம்பி, வீட்டுக்குக் கரண்டு பில்லு வருதா அரங்கத்துக்கு வருதா? இந்த எரி எரியுதே," என்றான்.

"உன் பங்க்ல பெட்ரோல் சிந்துறத விட இங்க கம்மியாத்தான் எரியுது," என்றாள் அவள். ஆனால் காப்பியை முழுக்கக் குடிக்காமல் வைத்துவிட்டுப் போனாள்.

இத்தனை தோற்றும், ஊரின் அதிர்ஷ்டமோ என்னவோ, கடைசி ஆட்டத்துக்கு வரும்போது ஒரு வாசல் திறந்திருந்தது. ஏரிக்கு அந்தப் பக்கத்து அணியை ஜெயிக்கக்கூட வேண்டாம், சமன் செய்தால் போதும், அடுத்த சுற்றுக்கு உள்ளே போய்விடலாம். உள்ளே போனால் டேரில் இன்னும் சில ஆட்டம் ஆடலாம். போகாவிட்டால் அவன் ஹாக்கி அன்றைக்கே முடிந்தது. படிப்பு முடிக்கிற பையன், இதற்கு மேல் எந்த அணியும் அவனைக் கூப்பிடப் போவதில்லை. அது அவனுக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும்.

சொந்த ஊரில் நடக்கிற கடைசி ஆட்டத்துக்கு முன்னால், படிப்பை முடிக்கிற பையன்களை அப்பா அம்மாவோடு ஐஸில் நிறுத்திக் கைதட்டுவது எங்கள் வழக்கம். அம்மாவுக்கு மகன் ஒரு பூ கொடுப்பான். ஓனி இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஒரு பக்கம் நிற்க, லெம்பி பஸ் ஓட்டுகிற அதே பழைய கோட்டோடு இன்னொரு பக்கம் நின்றாள். டேரில் பூவைக் கொடுத்து அவள் காதில் என்னவோ சொன்னான். மற்ற அம்மாக்கள் எல்லாம் பூவோடு இருக்கைக்குப் போனார்கள். இவள் கூண்டுக்குப் போனாள்.

"என்னடி சொன்னான்?" என்று போகிற வழியில் கேட்டேன்.

"இன்னிக்கு உனக்கு வேலை இருக்காதும்மா, பூவக் கையில வச்சுக்கிட்டு சும்மா உக்காருன்னான்."

அவன் அன்றைக்கு ஆடினது போல அந்த வருஷம் முழுக்க ஆடவில்லை. அப்படியும் இரண்டு உள்ளே போனது. நம் பையன்களும் இரண்டு போட்டார்கள். கடைசிப் பகுதியில் அவன் திரும்பவும் அம்மாவுக்கு முன்னால் வந்து நின்றான். வந்ததை எல்லாம் தடுத்தான். ஆட்டம் முடியப் போகிறது, சமன் என்று ஆகிவிட்டது, மெர்வ் என் கடைக்கு முன்னால் தொப்பியைக் கழற்றி ஆட்டிக்கொண்டு நிற்கிறான். அப்போதுதான் வலைக்கு முன்னால் ஒரே கும்பலாக விழுந்தார்கள். நான் காப்பி ஊற்றக் குனிந்தேன். நிமிர்ந்தபோது சிவப்பு விளக்கு எரிகிறது, நடுவர் கோல் என்று வலையைக் கை நீட்டிக் காட்டுகிறார், மெர்வின் தொப்பி அந்தரத்தில் நிற்கிறது.

பார்த்தவர்கள் சொன்னது இதுதான். வட்டு டேரிலின் காலுக்கு அடியில் போய், கோட்டுக்கு முன்னாலேயே மாட்டிக்கொண்டது. அவன் அப்படியே மண்டியிட்டபடி இருந்திருந்தால் போதும், நடுவர் விசில் ஊதியிருப்பார். இந்த மடையன் தலையைத் திருப்பிப் பின்னால் பார்த்துவிட்டுக் காலைத் தூக்கினான். எதிரணிப் பையன் ஒருத்தன் மட்டையை நுழைத்து வட்டை உள்ளே தள்ளிவிட்டான்.

"விசில் ஊதுனாங்களாடா? உனக்கு யாருடா விசில் ஊதுனா?" என்று பூஷே, இல்லாத தொண்டையால் கத்தினார். டேரில் தண்ணீர் பாட்டிலை எடுக்கவும் திரும்பவில்லை.

அன்றைக்கு அரங்கம் காலியான பிறகும் லெம்பி கூண்டை விட்டு வரவில்லை. போய்ப் பார்த்தேன். பூவின் காம்பை ஒடித்து ஒடித்துக் கீழே போட்டிருந்தாள்.

"நான் முந்திட்டேன் இர்மா," என்றாள். "அது உள்ள போறதுக்கு முன்னாடியே அழுத்திட்டேன். அவன் திரும்பி என் லைட்டப் பாத்தான். பாத்துட்டு எழுந்துட்டான்."

விளக்கு எரிந்ததும் வட்டு உள்ளே போனதும் கண் இமைக்கிற நேரத்தில் நடந்தவை. எது முதலில் என்று கூட்டத்தில் ஒருவருக்கும் தெரியாது. அவளுக்குத் தெரியும், மகனுக்குத் தெரியும், இப்போது எனக்கும். லெம்பி பொய் சொல்லிக் கேட்டவள் இல்லை நான். அதனால் அப்படியே நம்பினேன்.

டேரில் வீட்டில் அதைப் பற்றி வாயே திறக்கவில்லை. ஊர் வாய் மூடவில்லை. காலைத் தூக்கினவன் என்று அவனுக்குப் புதுப் பேர் வந்தது. ரொட்டிக் கடையில் அவன் வரிசையில் நின்றால் பின்னால் ஒரு கிழவர் காலைத் தூக்கிக் காட்டுவார், எல்லாரும் சிரிப்பார்கள். ஓனியே ஒருநாள் மகனிடம், "விசிலுக்கு முன்னாடி எழுந்திரிக்காதன்னு நீ நடக்கப் பழகுறப்பவே சொன்னேனேடா," என்று அழாக்குறையாகக் கேட்டான். லெம்பி வாயைத் திறக்கப் போனாள். டேரில் எழுந்து போய் ரேடியோவைச் சத்தமாக வைத்தான்.

சீசன் முடிந்ததும் தேவாலயக் கூடத்தில் ஒரு விருந்து உண்டு. பன்றிக்கறியும் உருளைக்கிழங்கும் வயிறு முட்டச் சாப்பிட்ட பிறகு, விடைபெறுகிற பையன்களுக்கு ஆளுக்கொரு கேலிப் பரிசு கொடுப்பார்கள். அதைக் கொடுக்கிறவன் எப்போதும் மெர்வ். டேரிலின் முறை வந்ததும் வண்ணக் காகிதம் சுற்றிய ஒரு பொட்டலத்தைக் கொடுத்தான். பிரித்தால் செங்கல், கயிறோடு.

"கால்ல கட்டிக்கடா தம்பி, இனிமே தூக்காது," என்றான்.

கூடமே குலுங்கிச் சிரித்தது. டேரிலும் சிரித்தான், செங்கலை எல்லாருக்கும் தூக்கிக் காட்டினான். அப்போது லெம்பி எழுந்து நின்றாள்.

"அவன் மேல தப்பு இல்ல," என்றாள். "வட்டு உள்ள போறதுக்கு முன்னாடியே நான் லைட்டப் போட்டுட்டேன். அதப் பாத்துத்தான் அவன் எழுந்தான். தோக்கடிச்சது நான்."

சிரிப்பு நின்றது. அப்புறம் பக்கத்து மேசையில் இருந்த பாதிரியாரின் மனைவி லெம்பியின் கையைத் தட்டிக்கொடுத்தாள். பூஷே தலையைக் குனிந்துகொண்டார்.

"உக்காரு லெம்பி," என்றான் மெர்வ். அந்தக் குரலில் கேலியே இல்லை, அதுதான் கொடுமை. "உன் லைட்டு என்னிக்குத் தப்பாச்சு? பெத்த மனசு, என்ன வேணா சொல்லும். நாங்க சும்மா விளையாட்டுக்குத்தான் குடுத்தோம்."

"இல்ல மெர்வ், நிஜமாத்தான் சொல்றேன்."

"அம்மா சொல்றது சரி இல்ல," என்றான் டேரில். செங்கல் கையில் இருந்தது. "லைட்டு சரியாத்தான் எரிஞ்சது. நான்தான் மடத்தனமா எழுந்துட்டேன். எல்லாரும் கேக் சாப்பிடுங்க."

எல்லாரும் கேக் சாப்பிட்டார்கள்.

வெளியே பனி உருகிச் சேறாகக் கிடந்தது. ஓனி காரைச் சூடாக்கிக்கொண்டிருந்தான். நானும் லெம்பியும் டேரிலும் பக்கத்தில் நின்றோம்.

"ஏன்டா அப்படிச் சொன்னே?" என்றாள் லெம்பி.

"நான் தோக்குறது இந்த ஊருக்குப் பழகிடுச்சும்மா. நீ தப்புப் பண்ணதே இல்லன்னு பேரு. அது இருந்துட்டுப் போகட்டுமே."

"அந்தப் பேர வச்சு நான் என்னடா பண்ணப் போறேன்?"

அவன் செங்கலின் கயிற்றை விரலில் சுற்றினான். "ஒண்ணே ஒண்ணு கேக்குறேன், சொல்லும்மா. அழுத்துறப்ப வட்டு எங்க இருந்துச்சுன்னு பாத்தியா?"

லெம்பி பொய் சொல்லியிருக்கலாம். கும்பல் மறைத்தது, கண் கூசியது, ஏதாவது ஒன்று. நான் மனசுக்குள்ளே கெஞ்சினேன், சொல்லித் தொலையேன் என்று.

"பாக்கல," என்றாள். "உன்கிட்ட வந்ததுமே உள்ள போயிடும்னு நினைச்சுட்டேன்டா."

டேரில் தலையை ஆட்டினான். அழுகிறானா என்று இருட்டில் தெரியவில்லை.

"நானும் அப்படித்தாம்மா நினைச்சேன்," என்று சொல்லிவிட்டு, செங்கலை மடியில் வைத்துக்கொண்டு காரின் பின்சீட்டில் ஏறி உட்கார்ந்தான்.