ஈகிள் என்று இங்கே யாரும் இல்லை

எனக்கு முதலில் வைத்த பெயர் எனக்குத் தெரியாது. சொன்னால் யாரும் நம்புவதில்லை. விளையாட்டுக்குச் சொல்கிறேன் என்று நினைக்கிறார்கள். அந்தப் பெயர் தெரிந்தவர்கள் இரண்டே பேர், அப்பாவும் அம்மாவும். இரண்டு பேரும் கடைசிவரை வாயைத் திறக்கவில்லை.

செம்பவாங் கடற்படைத் தளத்துக் குடியிருப்பில் நாங்கள் இருந்த காலம். எனக்கு முன்னால் பிறந்த இரண்டு பிள்ளைகளும் தங்கவில்லை. இரண்டு வயதில் எனக்கும் காய்ச்சல் வந்து இறங்காமல் நின்றபோது, அம்மா என்னைத் தூக்கிக்கொண்டு மூன்று வீடு தள்ளிப் போய் ஒரு சீனப் பெண்மணியிடம் தவிட்டுக்கு விற்றுவிட்டார். நிஜமாக விற்பதில்லை. பிள்ளை தங்காத வீடுகளில் செய்வது அது. பிள்ளையை அடுத்த வீட்டில் கொடுத்து ஒரு படி தவிடு வாங்கிக்கொள்வார்கள். தேடி வருகிற எமன், பிள்ளை இந்த வீட்டுப் பிள்ளை இல்லை என்று ஏமாந்து போவான். சில நாள் கழித்துத் தவிட்டைத் திருப்பிக் கொடுத்துப் பிள்ளையை மீட்டு, யாரும் கண்வைக்காத ஒரு மட்டமான பெயரைச் சூட்டுவார்கள். குப்பை, பிச்சை, அந்த ரகம். பழைய பெயரை அதற்குப் பிறகு யாரும் சொல்லக்கூடாது. சொன்னால் எமன் காதில் விழுந்துவிடும்.

அந்தப் பெண்மணி கோழி வளர்த்தார், வீட்டில் தவிடு இருந்தது. மூன்று நாள் என்னை வைத்திருந்தார். காய்ச்சல் இறங்கியது. நான் பிழைத்தேன், பெயர்தான் பிழைக்கவில்லை. எழுபதுகளில் பள்ளியில் சீன ஆசிரியை வருகைப் பதிவேட்டைப் பார்த்து குப்பை என்ற என் புதுப் பெயரை ராகம் போட்டுப் படிப்பார். வகுப்பிலிருந்த நாலு தமிழ்ப் பிள்ளைகளும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஏன் சிரிக்கிறார்கள் என்று அவருக்குக் கடைசிவரை புரியவில்லை. நான் வீட்டுக்கு வந்து சண்டை போடுவேன். அம்மா காய் நறுக்குவதை நிறுத்தாமல் சொல்வார்.

“பேரு நல்லா இருந்து ஆளு இல்லாம போறதுக்கு, ஆளு இருந்துட்டுப் போகட்டும்டா.”

இப்படி வளர்ந்தவனிடம் ஒரு இயந்திரம் வந்து ‘உனக்கு என்ன பெயர் வேண்டும்’ என்று கேட்டால் எப்படி இருக்கும்?

எண்பதுகளின் கடைசி. நாங்கள் ஆங் மோ கியோ அடுக்குமாடி வீட்டுக்கு வந்து பல வருஷம் ஆகியிருந்தது. நான் கப்பல் பட்டறையில் வரைபடப் பிரிவில் வேலை பார்த்தேன். கம்ப்யூட்டர் ஒன்று வாங்கி, அதைத் தொலைபேசிக் கம்பியோடு இணைக்கிற மோடம் என்ற பெட்டியையும் வாங்கியிருந்தேன். ஊரில் ஓர் இளைஞன் தன் வீட்டுக் கம்ப்யூட்டரைத் தொலைபேசியில் கட்டி வைத்திருந்தான். அதற்குப் போர்டு என்று பெயர். மாலை ஆறு மணியிலிருந்து பத்து மணிவரை யார் வேண்டுமானாலும் அதை அழைக்கலாம், ஒரு நேரத்தில் ஒருவர். உள்ளே போனால் கடிதம் எழுதலாம், விளையாட்டு ஒன்று ஆடலாம். ஆளுக்குக் கொஞ்சம் கப்பல்கள்; எல்லாம் போனவன் உள்ளே வந்தால் புதிதாகச் சில கிடைக்கும். ஒரு நாளைக்கு ஒரு முறை உள்ளே வந்து, பட்டியலில் இருக்கும் ஒரு பெயரைத் தட்டி, அந்த ஆளைத் தாக்கலாம். பிறகு போனை வைத்துவிட்டு அடுத்தவனுக்கு வழிவிட வேண்டும். திரையில் படம் ஒன்றும் கிடையாது, எல்லாம் எழுத்துத்தான்.

பெயர் கேட்டது. நான் யோசிக்கவே இல்லை. ஈகிள் என்று தட்டினேன். கழுகு! குப்பை மேட்டிலிருந்து நேரே ஆகாயத்துக்கு. அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தை இப்போது நினைத்தால் சிரிப்பாக இருக்கிறது.

அங்கே ஷார்க் என்று ஒருவன் இருந்தான். சுறா. ஒரு வருஷமாக நானும் அவனும் கூட்டாளிகள். தினமும் இரண்டு வரி ஆங்கிலத்தில் எழுதிக்கொள்வோம். உட்லண்ட்ஸில் இருக்கிறான், ஜோகூர் பாருவுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டு வருவான், அவ்வளவுதான் தெரியும். சீனன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். நேரில் பார்த்ததில்லை, குரல்கூடக் கேட்டதில்லை. ஆனால் ஒரு நாள் அவன் கடிதம் இல்லையென்றால் எனக்குச் சாப்பாடு இறங்காது. ஏன் என்று கேட்டால் அன்றும் பதில் தெரியாது, இன்றும் தெரியாது.

சீனப் புத்தாண்டு வந்தது. புத்தாண்டுக்கு யாரும் யாரையும் தாக்குவதில்லை என்று போர்டில் ஒரு வழக்கம். விடுமுறை முடிந்ததும் சுறாவுக்கு மூன்று வாரம் ரிசர்விஸ்ட் பயிற்சி, கட்டாய ராணுவச் சேவை முடித்தவர்களைத் திரும்ப அழைப்பது. படைமுகாமில் இருந்துகொண்டு கம்ப்யூட்டரைத் தொட முடியாது. நாலு நாள் வராதவனின் கப்பல்கள் அழிந்துபோகும் என்பது விளையாட்டின் விதி. அதனால் கிளம்புகிற நாளில் தன் கப்பல்கள் அத்தனையையும் என் பெயருக்கு மாற்றிவிட்டான். வந்து வாங்கிக்கொள்கிறேன் என்று ஒரே வரி. வேறு யாராவது என்றால் ஆயிரம் நிபந்தனை போட்டிருப்பார்கள்.

அவன் போன அன்று மாலையே நான் காரியத்தைக் கெடுத்தேன். புத்தாண்டு என்றால் எனக்கு அரசாங்க விடுமுறை இரண்டு நாள். அது முடிந்து ஆபீசுக்கும் போய் வந்தாயிற்று. புத்தாண்டு முடிந்தது என்று கணக்குப் போட்டுப் பட்டியலில் முதல் பெயரைத் தாக்கினேன். புத்தாண்டு அவர்களுக்குப் பதினைந்து நாள் என்பது, சீனர் நடுவிலேயே பிறந்து வளர்ந்த இந்த மடையனுக்கு உறைக்கவில்லை. எதிர்வீட்டில் ஆரஞ்சுப் பழத் தட்டு இரண்டு வாரம் வாசலில் இருப்பதை வருஷா வருஷம் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

மறுநாள் முதல் எல்லோரும் ஒன்று சேர்ந்து என்னை அடித்தார்கள். பண்டிகை நாளில் கைவைத்தவன் என்று, எல்லோரும் படிக்கிற பொதுப் பலகையில் எழுதினார்கள். மன்னிப்புக் கேட்டிருக்கலாம். எனக்குக் கோபம்தான் வந்தது. அவர்கள் தாக்கியதில் என் கப்பல்கள் பாதி போய்விட்டன. மீதி இருந்ததில் பெரும்பாலும் சுறாவுடையவை. நம்பிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறான். திரும்பி வந்து கேட்டால் எந்த முகத்தோடு பதில் சொல்வேன்?

அம்மா பார்த்துக்கொண்டே இருந்தார். என்ன விஷயம் என்று துருவியதில் ஈகிள் என்ற பெயர் உட்பட எனக்குத் தெரிந்தமட்டும் விளக்கினேன். பெயரைத் தட்டித்தான் அடிக்கிறார்கள் என்பது மட்டும் அவருக்குப் பளிச்சென்று புரிந்துவிட்டது.

“அப்ப பேர மாத்திரு. கண்ணுல படாத பேரா வையி.”

இரண்டு நாள் அதையே சொன்னார். மூன்றாம் நாள் போர்டு நடத்துகிறவனுக்கு எழுதினேன். பெயரை மாற்றினால் கப்பல்கள் கூடவே வரும், யார் யாராக மாறினார்கள் என்று யாரிடமும் சொல்லமாட்டேன், ஆனால் விட்ட பெயரை வேறு யாரும் எடுத்துக்கொள்ளலாம் என்றான். சரி என்றேன். புதுப் பெயராக ரப்பிஷ் என்று கொடுத்தேன். வேறு எதுவும் தோன்றவில்லை. ஆகாயத்திலிருந்து மறுபடி குப்பைக்கு.

அம்மாவின் வைத்தியம் பலித்தது. பட்டியலில் பெயர் மட்டும்தான் தெரியும், பலம் தெரியாது. ஈகிளைத் தேடிச் சலித்துவிட்டார்கள். குப்பையை யாரும் சீண்டவில்லை. இருந்த கப்பல்களைப் பத்திரமாக வைத்துக்கொண்டு சுறாவுக்காகக் காத்திருந்தேன். புதுப் பெயரை அவனுக்கு எழுதி வைக்கலாம்தான். ஆனால் பத்து நாளில் தனிக் கடிதங்கள் தாமாக அழிந்துவிடும், அவன் வர அதற்கு மேல் ஆகும். வந்த அன்றே சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தேன்.

அவன் வரவேண்டிய நாள் வந்தது. அன்று மாலை முழுக்க எனக்கு லைன் கிடைக்கவில்லை. மறுநாள் உள்ளே போய்ப் பார்த்தால் பட்டியலில் ஷார்க் இல்லை. கடைசியாகப் பார்த்தபோது இருந்த பெயர் காணோம். அதைவிட மோசம், ஈகிள் இருந்தது. நான் இங்கே உட்கார்ந்திருக்கிறேன், நான் அங்கேயும் இருக்கிறேன்.

பொதுப் பலகையைத் திறந்தேன். ஈகிள் எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டு எழுதியிருந்தது. புத்தாண்டு இரண்டு நாளில் முடிந்துவிட்டது என்று தப்பாக நினைத்துவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள், அடிப்பதானால் அடியுங்கள் என்று. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நான் கேட்காத மன்னிப்பை என் பெயரில் கேட்க இவன் யார்? நான் நினைத்ததை அப்படியே எழுத இவனுக்கு எப்படித் தெரியும்? எதிரிகளில் ஒருவன் என் பெயரைப் பிடுங்கிக்கொண்டு கேலி செய்கிறான் என்றுதான் பட்டது. சுறா என் பெயரைக் காணாமல், ஏமாற்றிவிட்டான் என்று வெறுத்துப்போய் ஓடியிருப்பான். அதற்கும் இவன்தான் காரணம் என்று, காரணமே இல்லாமல், முடிவு கட்டினேன்.

தொடர்ந்து மூன்று மாலை அந்த ஈகிளைத் தாக்கினேன். என் சொந்தப் பெயரை நானே தட்டி அடிக்கும்போது விரல் கொஞ்சம் தயங்கியது. ஆனாலும் அடித்தேன். கையில் இருந்தவை சுறாவின் கப்பல்கள்தான். என்னோடு சேர்த்து மற்றவர்களும் அடித்தார்கள். ஈகிள் ஒரு முறைகூடத் திருப்பி அடிக்கவில்லை. மூன்றாம் நாள் நான் தாக்கி முடித்தபோது அதற்கு ஒரே ஒரு கப்பல் மிஞ்சியதாகத் திரை காட்டியது.

நாலாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. நான் குளித்துக்கொண்டிருந்தபோது வீட்டுத் தொலைபேசி அடித்தது. அம்மா எடுத்தார். மறுமுனையில் என்ன கேட்டார்களோ, அம்மா தன் ஆங்கிலத்தில் திட்டவட்டமாகப் பதில் சொல்வது குளியலறைவரை கேட்டது. அப்படி யாரும் இங்கே இல்லை, ராங் நம்பர். வைத்துவிட்டார். நான் துண்டைக் கட்டிக்கொண்டு வந்து யாரென்று கேட்டேன்.

“யாரோ ஈகிளாம். அப்படி இங்க யாரும் இல்லைனு சொல்லிட்டேன்.”

மறுபடி அடித்தது. இந்த முறை நான் பாய்ந்து எடுத்தேன். ஈகிளோடு பேச வேண்டும் என்று ஒரு குரல் ஆங்கிலத்தில் தயங்கித் தயங்கிக் கேட்டது. போர்டு நடத்துகிறவனிடம் மூன்று நாள் கெஞ்சி இந்த எண்ணை வாங்கியதாகச் சொன்னது. அதற்குள் அந்தப் பக்கம், பின்னாலிருந்து ஒரு பெண் குரல், சுத்தத் தமிழ்நாட்டுத் தமிழில், சோறு ஆறுகிறது, போனை வைத்துவிட்டு வா என்றது.

“நீங்க தமிழா?” என்றேன்.

சிரித்தான். அவன்தான் சுறா. ஒரு வருஷம் இரண்டு தமிழர்கள் ஒருவரையொருவர் சீனர் என்று நினைத்துக்கொண்டு ஆங்கிலத்தில் எழுதிக்கொண்டிருந்திருக்கிறோம். முகாமிலிருந்து வந்து பார்த்திருக்கிறான், என் பெயர் இல்லை. பலகையைப் படித்து என்ன நடந்தது என்று தெரிந்துகொண்டான். புத்தாண்டு இரண்டு நாள்தான் என்று முந்தைய வருஷம் அவனும் நினைத்தானாம், வேலைக்குப் போகிறவர்கள் எல்லாம் அப்படித்தான். நான் அடி தாங்காமல் போய்விட்டேன், கோபம் ஆறித் திரும்பி வருவேன் என்று அவன் நினைத்தான். அதற்குள் யாராவது என் பெயரை எடுத்துவிட்டால்? உடனே தன் பெயரை விட்டுவிட்டு என் பெயருக்கு மாறிக்கொண்டானாம்.

“பேரு போயிட்டா திரும்பக் கிடைக்காதுலா. அதான் நான் புடிச்சு வச்சேன். அடிக்கிறவங்க அடிச்சு ஓயட்டும், அப்புறம் உங்ககிட்டக் குடுத்துரலாம்னு.”

தன் கப்பல்களைப் பற்றி அவன் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். சொல்லாமல் விட்டுவிடலாமா என்றுகூட ஒரு நொடி நினைத்தேன். அதை மறைப்பதற்கில்லை.

“உங்கள அதிகமா அடிச்சது நான்தான். ரப்பிஷ் நான்தான். உங்க கப்பல வச்சே அடிச்சேன்.”

அவன் அம்மா மறுபடி கூப்பிடுவது மட்டும் கேட்டது. வைத்துவிடுவான் என்றே நினைத்தேன்.

“அப்ப கப்பல் பத்திரமாத்தான் இருக்கு” என்றான் கடைசியில். சாப்பிட்டுவிட்டு நாளைக்குப் பேசுவதாகச் சொல்லி வைத்துவிட்டான். கோபமா, வருத்தமா, நிஜமாகவே நிம்மதியா, குரலிலிருந்து ஒன்றும் பிடிபடவில்லை.

நான் சமையலறைக்குப் போனேன். அம்மா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். என்னைத் தவிட்டுக்கு வாங்கிய சீனப் பெண்மணியைப் பற்றி அதுவரை நான் ஒன்றுமே கேட்டதில்லை. என் பெயர் பறிபோன கதையாகத்தான் அதை எப்போதும் வைத்திருந்தேன். அந்த மூன்று நாளில் எமன் என்னைத் தேடிக்கொண்டு அந்த வீட்டுக்கே போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்டேன். அம்மாவின் கை நின்றது. என் நினைவில் அது நின்றது அன்று ஒரு நாள்தான்.

“அவங்களுக்கும் உன் வயசுல ஒரு பையன் இருந்தான். அவங்களுக்குத் தெரியும். எல்லாம் சொல்லித்தான் கேட்டேன். தெரிஞ்சுதான் கைய நீட்டி வாங்கிக்கிட்டாங்க.”

அந்தப் பையனுக்கு ஒன்றும் ஆகவில்லையே என்று கேட்டேன். ஆகவில்லை என்றார். வெங்காயம் என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மறுநாள் மாலை நான் வேலையிலிருந்து வந்து சட்டையைக் கழற்றும்போது தொலைபேசி அடித்தது. அம்மாதான் எடுத்தார். விட்ட பெயரை ஜென்மத்துக்கும் வாயால் சொல்லாதவர். யார் வேண்டும் என்று கேட்டு, என் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

“இருக்கான்பா, இப்பதான் வந்தான். ஈகிளக் கூப்பிடுறேன்” என்றார்.