பீப்பாயில் மிஞ்சிய இரண்டு குடம்

யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். தூத்துக்குடியில் ஒரு நாள் காற்று விழுந்தது, பிறகு பல நாள் எழவேயில்லை. தோணியை நடத்திப்போகும் தண்டலாக இருந்த அப்பா, உப்பு ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போயிருந்தார். போய்ச் சேர்ந்த தகவல் இல்லை. நடுக்கடலில் பாய் தொங்கி நிற்கும் தோணியில் முதலில் தீர்வது குடிதண்ணீர் என்பது எங்கள் தெருவில் சின்னப்பிள்ளைகளுக்கும் தெரியும். அம்மா அடுப்பு மூட்டுவதையே விட்டிருந்தாள். நானும் தம்பியும் சித்தி வீட்டில் சாப்பிட்டோம்.

அப்போதுதான் பக்கத்து வீட்டுத் தண்டல், கரையோரக் காற்றைப் பிடித்து ஊர்ந்து ஊர்ந்து கொழும்பிலிருந்து வந்து சேர்ந்தார். நேரே எங்கள் வீட்டுக்குத்தான் வந்தார்.

"வழியில மச்சான் தோணியப் பாத்தேன், தங்கச்சி. கூப்பிட்டுக் கேட்டேன். தண்ணி ஒரு பீப்பாய்க்கு ரெண்டு கொடம் கொறையச் செலவாயிருக்குன்னு கத்துனான். எவ்வளவு ஏத்திட்டுப் போனான்?"

ஏற்றியதை நான் பார்த்திருந்தேன். இரண்டு புதுப் பீப்பாய், மூன்று குடம்.

"அப்ப மிச்சத்தப் பாத்துக்கிடுங்க. ஒரு பீப்பாயும் மேக்கொண்டு மூணு நாலு கொடமும் இருந்தா, காத்து வார வரைக்கும் தாங்கும்" என்று சொல்லிவிட்டு, களைப்போடு வீட்டுக்குப் போனார்.

அம்மா என் பக்கம் திரும்பினாள். "ஏளா, நீதான கணக்குப் படிக்க. மிச்சம் எவ்வளவுன்னு பாரு."

ஒரு பீப்பாய் எத்தனை குடம் கொள்ளும் என்று வீட்டில் யாருக்கும் தெரியாது. தெரியாததை எக்ஸ் என்று வைத்துக்கொள்ள வேண்டும் என அந்த வருஷம்தான் கன்னியாஸ்திரி மடத்துப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். பெருமையாகச் சிலேட்டை எடுத்தேன். இரண்டு எக்ஸ் கூட்டல் மூன்று. அதில் ஒரு எக்ஸைக் கழித்தேன். 'கொறைய' என்ற சொல்லைக் கேட்டிருந்த கை, இரண்டையும் சேர்த்துக் கழித்துவிட்டது.

"ஒரு பீப்பாயும் ஒரு கொடமும், அம்மா."

அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

தம்பி சிலேட்டை எட்டிப் பார்த்தான். "ரெண்டு கொடம் குடிக்காம மிச்சம் வச்சிருக்காங்கல்ல? அத ஏன்க்கா கழிச்ச? அத யாரு குடிச்சா?"

அவன் தலையில் குட்டப்போன கை பாதியில் நின்றது. செலவானது, எக்ஸில் இரண்டு குறைவு. எக்ஸ் கழித்தல் இரண்டு என்று முழுவதையும் அடைப்புக்குறிக்குள் போட்டுத்தான் கழிக்க வேண்டும். கழிக்கும்போது உள்ளே இருக்கும் குறைவு, கூடுதலாக மாறிவிடும். கன்னியாஸ்திரி தொண்டை வறளச் சொன்னதுதான். பரீட்சைக்காகச் சொல்கிறார் என்று நினைத்திருந்தேன். அவசரமாக எச்சில் தொட்டு அழித்து, மறுபடி போட்டேன்.

"அம்மா, அஞ்சு! ஒரு பீப்பாயும் அஞ்சு கொடமும்!"

"நல்லாப் பாத்தியா?"

"பாத்துட்டேம்மா. அஞ்சுதான்."

எழுதப் படிக்கத் தெரியாத அம்மா சிலேட்டைக் கையில் வாங்கி வெகுநேரம் பார்த்தாள். "மாதாவே" என்று பெருமூச்சு விட்டாள். அன்றைக்கு எங்கள் வீட்டு அடுப்பு எரிந்தது. கருவாட்டுக் குழம்பு வாசம் தெருமுனை வரை போயிற்று.

பிறகு காற்று வந்தது. அப்பாவும் வந்தார். நான்தான் முதலில் ஓடிப்போய்க் கணக்கை ஒப்பித்தேன். அவர் உதடு வெடித்துக் கறுத்திருந்தது.

"வெயிலு, மவளே" என்றார். "ஒங் கணக்கு அச்சு அசலாச் சரி. தண்ணிக்கு ஒரு கொறையும் இல்ல."

தொடாமல் வைத்திருந்த பீப்பாய் அடிப்பலகை விரிந்து ஒழுகிப்போனதையும், மிச்சத்தை அளந்து அளந்து குடித்து அவர்கள் கரை பிடித்ததையும் நான் பெரியவளான பிறகுதான் கேள்விப்பட்டேன். அன்று பெருமையோடு அம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். அவள் அப்பாவின் உதட்டையே பார்த்தபடி, சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கணக்கு சரியாக வந்ததற்குப் போய் யாராவது அழுவார்களா என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.