கடைசி இருக்கையைப் பார்த்த கண்ணாடி

திங்கட்கிழமை காலை ஏழு இருபதுக்கு எங்கள் பள்ளி வேன் வாட்ஸ்அப் குழுவில் சேவியர் அண்ணாச்சியின் எண்ணிலிருந்து ஒரு செய்தி வந்தது. அவர் எழுதி அனுப்ப மாட்டார், பேசித்தான் அனுப்புவார். "பிள்ளைகளா, வேன் பத்து நிமிசம் பிந்தும், பதறாம வாங்க" என்று அவர் குரல் வரும். அன்று எழுத்தாக வந்தது.

"அப்பா இறந்துட்டாங்க. இன்னைக்கு வேன் வராது."

எழுதியது அவருடைய மகன் ரீகன். நான் அந்த 'அப்பா' என்ற சொல்லையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். எட்டு மாதமாக ரீகன் தன் அப்பாவிடம் பேசவில்லை. வேனில் வந்த எல்லாருக்கும் அது தெரியும். ஏன் என்பதும் தெரியும் என்றே நினைத்திருந்தோம்.

அண்ணாச்சியை அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன். அவர் பாபநாசத்திலிருந்து அம்பாசமுத்திரம் வரை எங்கள் பள்ளி வேனைப் பதினொரு வருடம் ஓட்டினார். காக்கிச் சட்டையும் பேண்ட்டும் தேய்த்த மடிப்புக் கலையாமல் இருக்கும். பெண் பிள்ளைகள் முன்னால், பையன்கள் பின்னால் என்பது அவர் வைத்த சட்டம். ஓட்டுநர் இருக்கைக்கு நேர் பின்னால், எஞ்சின் சூடு அடிக்கும் இடம் என்னுடையது. ஆறாம் வகுப்பிலிருந்து அங்கேதான் உட்கார்ந்து படித்துக்கொண்டு வருகிறேன். குண்டும் குழியுமான இடம் வந்தால் வேகத்தைக் குறைப்பார். "புஸ்தகம் படிக்கிற பிள்ள இருக்கு, பைய போவோம்" என்பார்.

அவர் தலைக்கு மேலே நீளமான கண்ணாடி ஒன்று உண்டு. உள்ளே இருக்கும் பிள்ளைகள் எல்லார் முகமும் அதில் தெரியும். ரீகன் என் வகுப்புதான். பள்ளியின் கபடி அணியில் இருந்தான். கடைசி வரிசையில் இடது ஓரம் அவன் இடம்.

சென்ற மழைக்காலத்தில் ஒரு போட்டியில் ரீகன் பிடித்துக் கீழே தள்ளியதில் எதிரணிப் பையன் ஒருவனுக்குத் தோள் எலும்பு முறிந்தது. வேண்டுமென்று செய்யவில்லை என்று நடுவரே சொன்னார். மூன்று நாள் கழித்து, மாலையில் நாங்கள் திரும்பிக்கொண்டிருந்தபோது, கால்வாய்த் திருப்பத்தில் இரண்டு பைக்குகளைச் சாலையின் குறுக்கே நிறுத்தி வைத்திருந்தார்கள். தோள் முறிந்தவனின் ஊர்க்காரர்கள், படிப்பை முடித்த பெரிய பையன்கள்.

"ஏ டிரைவரு, ரீகனக் கீழ இறக்கு."

"சின்னப் பிள்ளைக இருக்கு தம்பி. வழிய விடுங்க."

"உம்மகிட்ட யாரு வே பேசுனா? ஏலே ரீகன், ஆம்பளையா இருந்தா எறங்கி வாலே!"

பின் வரிசையில் பையன்கள் கத்த ஆரம்பித்தார்கள். "போலே மாப்ள, நாங்க இருக்கோம்!" "பயந்துட்டான்னு நெனப்பானுவ, எறங்குலே!" கத்தியவர்களில் ஒருவரும் எழுந்திருக்கவில்லை. ரீகன் எழுந்து நின்றான். என் பக்கத்தில் இருந்த யு.கே.ஜி. பாப்பா என் பாவாடையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

அண்ணாச்சி தலையைத் தூக்கி அந்தக் கண்ணாடியைப் பார்த்தார். மூன்று நொடி இருக்கும். அதற்கு மேல் இருக்காது. எஞ்சினை நிறுத்தினார். சாவியைச் சட்டைப் பையில் போட்டார். இறங்கிப்போய், எங்கள் கதவை வெளியிலிருந்து தாழிட்டார்.

"தம்பி, நடந்தது தப்புதான். அவன் எம் மவன். அவனுக்காவ நான் மன்னிப்புக் கேக்கேன்."

"கேக்கீரோ? அப்ப கால்ல விழுந்து கேளும்."

மழை பெய்து ஓய்ந்த சாலை. அண்ணாச்சி முழங்காலிட்டார். பிறகு நெற்றி தரையில் படும்படி குனிந்தார். ஒருவன் செல்போனில் படம் பிடித்தான். "அப்பன் லட்சணம் இது. மவன் எப்படி இருப்பான்?" என்று சிரித்துவிட்டு பைக்குகளை எடுத்துக்கொண்டு போனார்கள்.

அண்ணாச்சி திரும்பி வந்து உட்கார்ந்தபோது சாவி துவாரத்தில் நுழையவில்லை. மூன்றாவது முறைதான் உள்ளே போனது. "யாரும் பயப்படாண்டாம் பிள்ளைகளா" என்றார். பின்னாலிருந்து ஒரு பையன், "நீ எறங்கிருக்கணும்லே. உங்கப்பாதான் கெடுத்துட்டாவ" என்றான்.

அது அண்ணாச்சிக்குக் கேட்டது. "ஆமாலே. அவன் எறங்கத்தான் எந்திரிச்சான். நான்தான் பயந்துட்டேன்" என்று எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார்.

இரவுக்குள் அந்தப் படம் எல்லார் செல்போனிலும் இருந்தது. மறுநாள் வகுப்புக் கரும்பலகையில் யாரோ இரண்டு பாதங்களை வரைந்து வைத்திருந்தார்கள். ரீகன் அதைப் பார்த்துவிட்டுப் போய் உட்கார்ந்தான். அன்றிலிருந்து அவன் சைக்கிளில்தான் வந்தான். வீட்டிலும் அப்பாவிடம் பேசுவதில்லை என்று தெரிந்தது.

நான் செய்ததையும் சொல்ல வேண்டும். இரண்டு வாரம் நான் என் இடத்தில் உட்காரவில்லை. மூன்றாவது வரிசைக்குப் போய்விட்டேன். அவருக்குப் பின்னால் உட்கார எனக்கு வெட்கமாக இருந்தது. அவர் ஏன் என்று கேட்கவில்லை. குழி வரும்போது வேகத்தை மட்டும் முன்போலவே குறைத்தார். அதற்கு மேல் என்னால் அங்கே உட்கார முடியவில்லை. என் இடத்துக்கே திரும்பினேன்.

அந்த வாரம்தான் அவர் என்னிடம் கேட்டார். "பாப்பா, பையனுவ வளர்ற கதை ஏதும் புஸ்தகமா இருக்குமா? பதினஞ்சு, பதினாறு வயசுல என்ன நெனப்பானுவன்னு யாராவது எழுதிருப்பாவல்லா?"

"நீங்களும் அந்த வயசத் தாண்டி வந்தவங்கதானே அண்ணாச்சி?"

"எங்க தாண்டினேன்? கருவாட்டு லாரியில ஏறி ஓடி வந்துட்டேன்."

அவர் குலசேகரன்பட்டினத்துக்குப் பக்கத்தில் ஒரு கடற்கரை ஊரில் பிறந்தவர் என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. தலைமுறை தலைமுறையாகக் கடலுக்குப் போன குடும்பம். அவருக்கு மட்டும் படகில் ஏறினால் வாந்தி. "எங்கப்பா படகுல இருக்குற அத்தன பேரையும் கூப்புட்டுக் காட்டுவாரு. இங்கன பாருங்கலே, கடலுக்கு வந்த பொம்பளையப் பாருங்கன்னு. பதினாறு வயசு வரைக்கும் வாந்தி எடுத்தேன் பாப்பா. அப்புறம் லாரி." சிரித்துக்கொண்டே சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

கிளை நூலகத்தில் என் உறுப்பினர் அட்டையில் அவருக்காகப் புத்தகம் எடுத்தேன். மதியம் இரண்டு மணியிலிருந்து நாலு மணி வரை, பள்ளிச் சுவரோரப் புங்கமர நிழலில் வேனை நிறுத்திவிட்டுப் படிப்பார். டீசல் பில்தான் பக்க அடையாளம். சாயங்காலம் வண்டி ஓட்டிக்கொண்டே கதையைப் பற்றிப் பேசுவார்.

நான் மிகவும் விரும்பிய நாவல் ஒன்று. அவமானப்பட்ட பையன் வளர்ந்து, அவமானப்படுத்தியவர்களை அடித்து வீழ்த்துவான். அதைப் பாதியிலேயே திருப்பிக் கொடுத்தார். "இவன் அடிச்சு ஜெயிச்சுட்டான் பாப்பா. ஜெயிக்க முடியாத பய என்ன செய்வான்? அத எழுதலையே." இன்னொரு நாள், "எல்லாக் கதையிலயும் பையன் அழுகதுக்கு ஒரு இடம் தேடுதான், கவனிச்சியா? மொட்டமாடி, மாட்டுத்தொழு, குளிக்கிற எடம். வீட்டு ஆளுக முன்னால ஒருத்தனும் அழுகல" என்றார்.

அதைவிடப் பெரிய புகார் ஒன்று அவருக்கு இருந்தது. "எந்தப் புஸ்தகத்த எடுத்தாலும் அப்பன் ஒண்ணு செத்துப் போயிருதான், இல்லன்னா அடிக்கான். எல்லாரும் மவனா இருந்துதான் எழுதிருக்காவ. உசுரோட இருக்க, அடிக்காத அப்பன் ஒருத்தன் எந்தப் புஸ்தகத்துலயாவது இருக்கானா பாரு. அவன் மவன்கிட்ட எப்படிப் பேசுதான்னு பாக்கணும்."

நான் இதை ஒரு வேலையாகவே எடுத்துக்கொண்டேன். குறிப்பேட்டில் கோடு போட்டு, புத்தகத்தின் பெயருக்கு எதிரே 'அப்பா' என்று ஒரு கட்டம் வைத்தேன். பதினொரு நாவல். ஐந்தில் இறந்தவர், நான்கில் அடிப்பவர், இரண்டில் ஊரைவிட்டுப் போனவர். பட்டியலைக் காட்டியபோது அண்ணாச்சி வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டுச் சிரித்தார். பிறகு, "தேடு பாப்பா, இருக்கும்" என்றார்.

ஒருமுறை எனக்குக் கோபம் வந்துவிட்டது. "புத்தகம் எதுக்கு அண்ணாச்சி? ரீகன்கிட்ட நேரா நீங்களே பேசலாமே?"

"நான் பேசுனா அவன் பதில் சொல்லணும்லா. அது அவனுக்குக் கஷ்டம்."

எனக்கு அது புரியவில்லை. அவர் கோழை என்று எல்லாரும் சொன்னது ஒருவேளை உண்மைதானோ என்றுகூட அன்று நினைத்தேன். இப்போது இதை எழுதும்போது கை கூசுகிறது.

ஞாயிறு மாலை வேனைக் கழுவிக்கொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாராம். மருத்துவமனை போய்ச் சேரும் முன்பே உயிர் போய்விட்டது. கல்லறைத் தோட்டத்தில் உறவுக்காரர்கள் ரீகனைச் சுற்றி நின்றார்கள். "அழுகக்கூடாதுலே. இனிமே வீட்டுக்கு ஆம்பள நீதான்." அவன் அழவில்லை. மண்ணை அள்ளிப் போட்டுவிட்டு நேராக நின்றான்.

சனிக்கிழமை, நூலகப் புத்தகத்தை வாங்கிவர அவர்கள் வீட்டுக்குப் போனேன். அது வேனில் இருக்கும் என்றார் ரீகனின் அம்மா. வேன் கொல்லையில் நின்றது. கடைசி வரிசையின் இடது ஓரத்தில் ரீகன் உட்கார்ந்திருந்தான்.

"பள்ளிக்கூட இதழுக்கு அப்பாவப் பத்தி எழுதப் போறியாமே?"

"ஆமா."

"அப்ப இதையும் எழுது. அன்னைக்கு நான் எறங்கதுக்கு எந்திரிக்கல."

நான் வேன் படியில் ஏறி நின்றேன்.

"பின்னால என்ன நடக்குன்னு பாக்கத்தான் எந்திரிச்சேன். வேனுக்குப் பின்னால ஒருத்தன் துண்டுல அருவாளச் சுத்தி வச்சுட்டு நின்னான். பாத்ததும் காலு வரல. கம்பியப் புடிச்ச கைய எடுக்க முடியல. அப்பா கண்ணாடியில பாத்தாவ. நான் மாட்டேன்னு தலைய ஆட்டினேன். அப்புறந்தான் அவங்க எறங்குனாவ."

"நீ எறங்கத்தான் எந்திரிச்சன்னு அவங்க எல்லார்கிட்டயும்..."

"ஆமா. அம்மாகிட்ட கூட அப்படித்தான் சொல்லிருக்காவ. என்கிட்ட ஒரு வார்த்த கேக்கல. அவங்க மொகத்தப் பாத்தா எனக்கு அந்தக் கண்ணாடிதான் ஞாபகம் வரும். அதான் பேசல. எனக்கு வெக்கம்னு நீங்க எல்லாம் நெனச்சது சரிதான். ஆனா அப்பாவ நெனச்சு இல்ல."

"இத எழுதுனா பசங்க சும்மா இருக்க மாட்டாங்க ரீகன்."

"தெரியும். எம் பேரப் போட்டே எழுது."

புத்தகம் ஸ்டியரிங்குக்கு முன்னால் இருந்தது. அதை எடுக்க ஓட்டுநர் இருக்கையில் ஏறி உட்கார்ந்தேன். டீசல் பில் பாதிப் பக்கத்தில் இருந்தது. நிமிர்ந்தபோது கண்ணாடி எதிரே தெரிந்தது. அதில் என் இடம் தெரியவில்லை. பெண் பிள்ளைகளின் வரிசை எதுவுமே தெரியவில்லை. கடைசி வரிசையின் இடது ஓரம் மட்டும் தெரிந்தது. எட்டு மாதமாக யாரும் உட்காராத இருக்கை அது. அண்ணாச்சி கண்ணாடியைத் திருப்பிவைத்து, அதைப் பார்த்துக்கொண்டே எங்களைப் பள்ளிக்குக் கொண்டுபோய்க் கொண்டுவந்திருக்கிறார்.

இப்போது அந்தக் கண்ணாடிக்குள் ரீகன் இருந்தான். முகத்தை மூடாமல் அழுதுகொண்டிருந்தான். நான் கண்களைத் தாழ்த்திக்கொண்டேன். கண்ணாடியைத் திருப்பவில்லை.

வீட்டுக்கு வந்து குறிப்பேட்டில் பன்னிரண்டாவது வரியை எழுதினேன். புத்தகத்தின் பெயருக்கு உரிய இடம் காலியாக இருக்கிறது. 'அப்பா' என்ற கட்டத்தில் 'அடிக்கவில்லை' என்று எழுதியிருக்கிறேன்.

போய் வாருங்கள் அண்ணாச்சி. கடைசி இருக்கைக்கு ஆள் வந்துவிட்டது.