எட்டாவது வீடியோ

லோவல் வாண்டர்ஹூக்கை நினைத்தாலே எனக்குக் குமட்டுகிறது. அயோவாவில், பள்ளிப் பரீட்சைகளுக்குக் கேள்வி தயாரிக்கும் எங்கள் கம்பெனியில் பக்கத்து மேசைக்காரன். ஆறாம் வகுப்புக்கு வகுத்தல் கணக்கு எழுதுவது அவன் பிழைப்பு. தன் கேள்வி ஒன்றுகூடத் தப்பென்று திரும்பி வந்ததில்லை என்று காபி மெஷின் பக்கம் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் பீற்றிக்கொள்வான்.

போன வருஷம் ஒன்று எழுதினான். போனில் 2 ஜிபி இடம் மிச்சம். ஒரு வீடியோவுக்கு 260 எம்பி. எத்தனை வீடியோ முழுசாகப் பிடிக்கும்? 2 ஜிபியை 2000 எம்பியாக்கி வகுத்தால் 7.69 வந்தது. பாதிக்கு மேல் போனால் அடுத்த முழு எண் என்பது ஆபீஸ் விதி. விடை எட்டு என்று போட்டான்.

"லோவல், எட்டுக்கு 2080 வேணுமேய்யா! ஒரு ஜிபிக்கு 1024னு போட்டாலும் இடிக்குது. ஏழுதான் பிடிக்கும்," என்றேன்.

"விதின்னா விதி. உன் வேலையப் பாரு."

கேள்வி மாநிலம் முழுக்கப் போனது. அவன் மகள் பிரென்னாவும் அதே பரீட்சையை எழுதினாள். கணக்கில் கெட்டிக்காரப் பிள்ளைகளுக்கான தனி வகுப்பில் சேரக் கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து படித்த பெண். ஒரே ஒரு மதிப்பெண்ணில் இடம் போயிற்று. விடை தப்பு என்று கேள்வி எழுதியவன் ஒரு வரி அனுப்பியிருந்தால் எல்லோருக்கும் திருத்தியிருப்பார்கள். இவன் வாயைத் திறக்கவில்லை.

மதிப்பெண் வந்த வார வெள்ளிக்கிழமை அவன் வீட்டில் எனக்குச் சாப்பாடு. பன்றிக்கறியும் சோளமும். பிரென்னா தன் போனை மேசைமேல் வைத்தாள்.

"அப்பா, போன்ல 2 ஜிபி மிச்சம் வச்சு, 260 எம்பி வீடியோவா நானே எடுத்துப் பாத்தேன். ஏழு ஏறிச்சு. எட்டாவதுக்கு இடமில்லன்னு சொல்லுது. நான் ஏழுன்னுதான் எழுதினேன். இந்தக் கேள்விய எந்த மடையன்பா எழுதினான்?"

நான் லோவலைப் பார்த்தேன். இப்போதாவது சொல்லுவான் என்று நம்பினேன். அவன் சோளத்துக்கு வெண்ணெய் தடவிக்கொண்டிருந்தான்.

"யாரோ எழுதினது. எனக்கென்ன தெரியும்? பரீட்சைல எட்டுன்னா எட்டுதான், கண்ணு."

அவன் கையிலிருந்து வழிந்த வெண்ணெயைப் பார்க்கச் சகிக்காமல் தட்டைத் தள்ளிவைத்தேன்.

பிரென்னா போனை எடுத்து, அந்த ஏழு வீடியோவையும் ஒவ்வொன்றாக அழித்தாள்.

"அப்ப எனக்குக் கணக்கு வரலப்பா," என்றாள்.

"அடுத்த வருஷம் பாத்துக்கலாம்," என்று லோவல் இன்னொரு சோளத்தை எடுத்தான்.