வரிசையை விட்டு வந்தவள்

பாறசாலை ஸ்டேஷனில் வண்டிக்காக நின்றிருந்தபோது போன் வந்தது. "ஜெசிந்தா போயிட்டா மக்கா," என்றார் சபைப் பாடகர் குழுவின் சாமுவேல் அண்ணன். எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. தன் படத்தின் கடைசிக் காட்சியை எடுக்காமல் எப்படிப் போகலாம்?

ஜெசிந்தா அக்காவை அறிந்த உங்களுக்கு அந்தப் படத்தைத் தெரியும். பழைய கிரேக்கத்தில் துன்பியல் நாடகம் பிறந்த கதை. கூட்டமாகப் பாடியவர்களிலிருந்து ஒருவன் விலகி வந்து பேசினானாம், நாடகம் அங்கே தொடங்கியதாம். அதை நம் பாடகர் குழுவை வைத்து ஆரியங்கோட்டு ரப்பர் தோட்டத்தில் எடுத்தார். கேமரா நான்.

ஆட்டைப் பலியிட்டுப் பாடியதிலிருந்துதான் அந்தக் கூட்டத்தின் பாட்டே வந்தது என்று எங்கோ படித்துவிட்டு, ஒரு கிடா வேண்டும் என்றார். சபையின் அறுப்புப் பண்டிகையில் நடக்கும் காணிக்கை ஏலத்தில் எடுக்கச் சாமுவேல் அண்ணனை அனுப்பினோம். எடுத்தார். எடுத்த கையோடு, நம் வழக்கப்படி, மறு ஏலத்துக்குத் திருப்பியும் கொடுத்துவிட்டார்! "ஏலத்துல எடுத்தத வீட்டுக்குக் கொண்டுபோறது நாணக்கேடாக்கும்," என்றார். மறுநாள் கிடா அதியன்னூரில் யார் வீட்டிலோ குழம்பாகிவிட்டது. நான் தையத்தக்கா என்று குதித்தேன். அக்கா விழுந்து விழுந்து சிரித்தார். "கயிறு மட்டும் போதும் மக்கா. ஆடு செத்த பிறகுதானே பாட்டு," என்றார்.

கடைசிக் காட்சியான அந்த விலகலில் மட்டும் அவர் இறங்கி வரவில்லை. யார் விலக வேண்டும் என்று சொல்லவே மாட்டார். "நான் சொல்லி வந்தா அது நடிப்பாக்கும். தாங்க முடியாம வரணும்." வாரந்தோறும் பாடினார்கள், ஒருவரும் அசையவில்லை. சிறு வயது முதல் வரிசையில் நின்று பழகிய கால்கள். "ஒருத்தரப் பிடிச்சுத் தள்ளட்டா?" என்று எரிந்து விழுந்தேன். "வெப்ராளப்படாத மக்கா, வரும்," என்றார்.

அடக்கத்தன்று குழு கல்லறைத் தோட்டத்தில் நின்று பாடியது. பாதிப் பாட்டில், பெண்கள் வரிசையில் நின்ற செல்வபாய் பாடுவதை நிறுத்தினார். படப்பிடிப்பில் பாட்டைத் தவிர வாய் திறக்காதவர். வரிசையை விட்டு இறங்கிப் பெட்டியருகே வந்தார்.

"இத்தன பேரு நிக்கியோம், ஒரு வார்த்த சொல்லாம போறியளே அக்கா! பதில் சொல்லுங்க!"

மற்றவர்கள் பாடிக்கொண்டே இருந்தார்கள். என் கை தோளில் கேமராவைத் தேடியது. அது வீட்டில் இருந்தது.

செல்வபாயை மறுபடி நடக்கச் சொல்லி எடுத்துவிடலாம் என்கிறார்கள் நண்பர்கள். மாட்டேன். படம் விலகல் இல்லாமலேயே முடியட்டும். அக்காவின் வெறும் கயிறு என்னிடம் இருக்கிறது. "வரும்" என்ற அந்தச் சொல்லும் இருக்கிறது.

வந்தது, அக்கா.