ருக்மிணியின் ஜன்னலுக்கு வைத்த செடி

சான்டா கிளாராவில் அந்த வாடகை வீடுகள் ரெட்வுட் மரங்களுக்கு அடியில் இருந்தன. வருஷம் முழுக்க நிழல். புல்கூட முளைக்க யோசிக்கிற மண். அங்கே ஒரு செடியைப் பிழைக்க வைத்த கெட்டிக்காரி வசந்தாமணி. ஈரோட்டுப் பக்கம் சொந்த ஊர், நாற்பதைத் தாண்டிய வயது, குழந்தை இல்லை. புருஷன் செல்வராஜுக்கு சிப் கம்பெனியில் வேலை. கிரீன் கார்டு வந்ததும் வராததுமாக அவள் ஒரு டேகேரில் போய்ச் சேர்ந்துகொண்டாள். சும்மா உட்கார்ந்திருக்க அவளுக்குத் தெரியாது.

எதிர் வீட்டுக்கு 1994-ல் ருக்மிணி குடிவந்தாள், புருஷன் மதனோடும் கைக்குழந்தை யாமினியோடும். புழுங்கலரிசி எங்கே கிடைக்கும் என்பதிலிருந்து ஃப்ரீவேயில் பயப்படாமல் நுழைவது வரை எல்லாம் கற்றுக்கொடுத்தது வசந்தாமணிதான். வாய்க்கு வாய் ‘அக்கா’ என்றாள் ருக்மிணி. கூடப்பிறந்த தங்கை இல்லாத வசந்தாமணி அந்த ஒரு சொல்லுக்கு அப்படியே உருகிப்போனாள். யாமினி என்றால் அவளுக்கு உயிர். குழந்தையைத் தூக்கலாம், குளிப்பாட்டலாம், தூங்க வைக்கலாம். ஊட்டத்தான் வாய்க்கவில்லை. கிண்ணத்தோடு போனால், “இப்பத்தான் சாப்ட்டா அக்கா” என்பாள் ருக்மிணி. சரி, சாப்பிட்ட பிள்ளை எங்கே ஓடிப்போகிறது என்று இவளும் திரும்பிவிடுவாள்.

அடுத்த வருஷம் ருக்மிணி தயங்கித் தயங்கி ஒன்று கேட்டாள்.

“எங்க கிச்சன் ஜன்னல் நேரா உங்க வாசலைப் பாத்து இருக்குக்கா. இவர் எப்பப் பாரு பனியனோட வந்து நிக்கறார், எம்பாரஸிங்கா இருக்கு. அங்க ஏதாவது ஒரு செடி வெச்சுத் தர்றீங்களா?”

“உன் மதனப் பாத்து நான் என்ன மயங்கியா விழப்போறேன்?” என்று வசந்தாமணி சிரித்தாள். ஆனால் கேட்டது தங்கை. அந்த வார இறுதியிலேயே வேலையில் இறங்கிவிட்டாள்.

ரோஜா வைத்தாள், செத்தது. செம்பருத்தி வைத்தாள், அதுவும் செத்தது. கடைசியில் நர்சரிக்காரன் ஒரு தொட்டியைக் காட்டினான். ஆஸ்திரேலியாவின் குளிர்ந்த காடுகளில் பெரிய மரங்களுக்கு அடியிலேயே வளரும் வாட்டில் என்றான். ஊசி ஊசியாக இலை. பூவின் படத்தைப் பார்த்ததும் வசந்தாமணிக்குப் பிடிபட்டது. இது நம் வேலமரத்துக்கு ஒன்றுவிட்ட சொந்தம், பொசுக்கென்று போகாது. வாங்கி வந்து நட்டாள்.

டேகேரிலிருந்து வந்ததும் முதல் வேலை அதற்குத் தண்ணீர். மரத்தூள் வாங்கிவந்து வேரடியில் பரப்பினாள். தன் வாசல் பக்கம் இலை நெருக்கமாக வரும்படி பார்த்துப் பார்த்துக் கிள்ளிவிட்டாள். ஜன்னலில் இண்டு இடுக்கு தெரிந்தால் ருக்மிணிக்குக் கூச்சமாக இருக்குமே என்ற கவலை அவளுக்கு. செடி ஆளுயரம் தாண்டி, ஜன்னலை முழுசாக மூடியது. ஒவ்வொரு பிப்ரவரியும் இருட்டு மூலையில் மஞ்சள் மஞ்சளாகப் பூத்தது.

1999 பிப்ரவரியில் அது ஜன்னலையும் தாண்டிக் கூரையைத் தொட்டது. வசந்தாமணி கத்தரிக்கோலோடு வந்தபோது யாமினி பூப்பொறுக்கிக்கொண்டிருந்தாள். தமிழ் புரியும்; பதில் மட்டும் இங்கிலீஷில் வரும்.

“இத நல்லாக் கொறைச்சு வெட்டிடலாமா கண்ணு? உங்க வீட்டுக்குள்ள வெளிச்சம் வரும்.”

“நோ ஆன்ட்டி, டோன்ட் கட் இட்,” என்றாள் யாமினி, ரொம்பப் பொறுப்பாக. “தென் யூ வில் ஸீ மீ ஈட்டிங். ஐ வில் கெட் ஸிக். மாம் செட்.”

குழந்தைக்குத் தான் சொன்னது என்னவென்று தெரியாது. வசந்தாமணிக்குத் தெரிந்தது. பனியனும் இல்லை, கூச்சமும் இல்லை. பிள்ளையில்லாதவள் கண் பட்டுவிடும் என்று இத்தனை வருஷமாக ஒளித்திருக்கிறார்கள். ஒளிப்பதற்கு வேண்டிய மறைப்பையும் அவள் கையாலேயே நட வைத்திருக்கிறார்கள். தினமும் ஒரு அறை நிறையப் பிள்ளைகளுக்கு ஊட்டிவிட்டு வருகிறாள். முன்பின் தெரியாத வெள்ளைக்காரத் தாய்மார்கள் நம்பி விட்டுப்போகிறார்கள். அதில் ஒன்றுக்கும் வயிறு வலித்ததில்லை. கத்தரிக்கோலைத் தரையில் போட்டுவிட்டு நேரே ருக்மிணியின் சமையலறைக்குப் போனாள்.

“நான் கண்ணு வெக்கறவளா ருக்மிணி?”

ருக்மிணி அடுப்பை அணைத்தாள். யார் சொன்னது என்று கேட்கவில்லை.

“எங்க அத்தை வந்திருந்தப்ப சொன்னாங்கக்கா. பிள்ளையில்லாதவங்க எதிர்ல குழந்தைக்குக் குடுக்காதேன்னு.”

“அந்தம்மா ஊருக்குத் திரும்பிப் போயி நாலு வருஷமாச்சு. அதுக்கப்புறமும் நாந்தான தண்ணி ஊத்தினேன்? என்னைத் தடுக்கற செடிக்கு என்னையே தண்ணி ஊத்த வுட்டுட்டு, நீ உள்ள நின்னு பாத்துட்டுதான இருந்தே?”

ருக்மிணி அழுதாள். பொய்யாக அழவில்லை, அதைச் சொல்லத்தான் வேண்டும். வசந்தாமணியின் கையைப் பிடித்துக்கொண்டாள். “தப்புதாங்கக்கா. நான் எம்எஸ்ஸி படிச்சவ. இதையெல்லாம் நான் நம்பறதே இல்ல. நீங்க என் சொந்த அக்கா மாதிரி.”

வசந்தாமணிக்கும் கண் நிறைந்தது. இன்னும் ஒரு வார்த்தை இதமாக வந்திருந்தால் மன்னித்திருப்பாள். அவள் மனசு அப்படி.

அந்த நேரம் பார்த்து யாமினி பசியோடு உள்ளே வந்தாள். மேடை மேலிருந்த தட்டை எடுத்து, மேஜையில் வைத்து உட்கார்ந்து, தோசையைப் பிய்த்து வாயருகே கொண்டுபோனாள். ருக்மிணி அழுகையை நிறுத்தவில்லை. “என்னை மன்னிச்சிருங்கக்கா” என்று சொல்லிக்கொண்டே, பிடித்திருந்த கையை விட்டுவிட்டு, துப்பட்டாவை இழுத்து அந்தத் தட்டை மூடினாள்.