எதிர் ஜன்னலின் பச்சைத் திரை

அடையாறில் என் ஜன்னலுக்கு நேர் எதிரே, தெருவுக்கு அந்தப் பக்கத்து மாடியில் ஒரு பெண்மணி குடியிருந்தார். பெயர் கேட்டதில்லை. காதோரம் நரை, மூக்கு நுனியில் கண்ணாடி. கோடை முழுவதும் காலை எட்டரைக்கு ஜன்னலுக்கு வந்து, தெருவை ஒருமுறை பார்த்துவிட்டுப் பச்சைத் திரையை இழுத்து மூடுவார். அதைப் பார்த்து நானும் மூடுவேன். நேரத்தையும் அறையின் வெப்பத்தையும் நோட்டில் குறித்துக்கொள்வேன். அப்படி மூடிய நாட்களில் மாலைவரை அறை குளுமையாகவே இருந்தது.

ஒருநாள் காய்கறி வண்டியருகே அவரைப் பார்த்தேன்.

"நீங்க மூடறதைப் பாத்துதான் நானும் மூடறேன்" என்றேன்.

"தெரியுமே சார். கையில நோட்டோட காத்துக்கினு நிப்பீங்க."

"ஒருநாள்கூட நீங்க மறந்ததில்லை."

"மறந்தா உங்க ரூம் அடுப்பாயிடுமே!" என்று சிரித்துவிட்டு, முருங்கைக்காயை முறுக்கிப் பார்க்க ஆரம்பித்தார். நானும் சிரித்துவிட்டு வந்துவிட்டேன்.

அடுத்த கோடைக்குள் அவர் வீடு மாறிப் போய்விட்டார். காலியான அந்த வீட்டை உறவினர் ஒருவருக்காகப் பார்க்கப் போனேன். காலை எட்டரை மணி. தெருவுக்கு அப்பால் என் ஜன்னலில் வெயில் கொட்டிக்கொண்டிருந்தது. நான் நின்ற இடம் நிழலாக இருந்தது. அது மேற்குப் பார்த்த ஜன்னல். மதியம்வரை அங்கே வெயிலே வராது. இத்தனை எழுதிய நோட்டில் இதை நான் எழுதியிருக்கவில்லை.

இப்போதும் எட்டரைக்குத் திரையைப் பிடித்தபடி நிற்கிறேன். எதிர் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருப்பதில் வெயில் உள்ளே வந்துவிடுகிறது.